அனுமதியற்ற நபர், உள்ளே 7.20

முதல் நாள்

ஆசிரியையாக நான் போன முதல் நாள் எனக்குச் சொல்லித் தரப்பட்ட முதல் பாடம், எப்படி ஒளிந்துகொள்வது என்பது. கரும்பலகையில் எப்படி எழுதுவது, பாடக்குறிப்பு எப்படித் தயாரிப்பது என்பதையெல்லாம் பன்னிரண்டு வருடம் கழித்து ஆசிரியர் கலாசாலையில் சொல்லித் தந்தார்கள். அதற்குள் எல்லாம் தெரிந்திருந்தது. தெரியாதவள் மாதிரி முதல் வரிசையில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டேன்.

பொகவந்தலாவைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டப் பாடசாலை. பெயர் வேண்டாம். அதைப் போலவே இன்னும் பல இருப்பதால் யாருடைய பாடசாலை என்று நினைத்துக்கொண்டாலும் பெரிய பிழை வராது. தரம் ஒன்று முதல் ஒன்பது வரை வகுப்புகள். நிரந்தர ஆசிரியர்கள் ஐந்து பேர். அதில் இரண்டு பேர் எந்த நேரமும் இடமாற்றத்துக்கு விண்ணப்பித்தபடியே இருப்பார்கள். மிச்ச வகுப்புகளுக்கு ஸ்டெல்லாவும் நானும். எங்களுக்குத் தொண்டர் ஆசிரியர் என்று பெயர்.

இளைய ஆசிரியர்களுக்காக எழுதச் சொன்னார்கள், அதனால் விளக்கமாகச் சொல்கிறேன். அரசாங்கப் பாடசாலையில் ஆள் போதாவிட்டால், உயர்தரம் படித்துவிட்டு வீட்டில் இருக்கும் யாரையாவது அதிபர் கூப்பிட்டு வகுப்பில் நிறுத்துவார். நியமனக் கடிதம் கிடையாது. பெற்றோர் சேர்ந்த பாடசாலை அபிவிருத்திச் சங்கம் மாதாமாதம் ஏதோ கொடுக்கும். எவ்வளவு என்று எழுதமாட்டேன், சங்கத்துக்கும் மானம் இருக்கிறது. வேலை முழு ஆசிரியர் வேலை. ஆள் மட்டும் கணக்கில் இல்லை.

எனக்கு அப்போது இருபத்தாறு வயது. ஸ்டெல்லாவுக்கு இருபது. அவள் எனக்கு ஒரு வருடம் முன்னாலேயே வந்துவிட்டதால், சீனியர் என்ற முறையில் என்னைப் பாடசாலையின் பின்வாசலுக்குக் கூட்டிப்போனாள்.

"அக்கா, இதான் நம்ம வழி. தேயிலைக்குள்ள எறங்கி நேரா போனா புள்ளக் காம்பரா. சத்தம் கேட்டதும் சோக்குக் கட்டிய வச்சிட்டு வந்துறணும். கொப்பி, ஹேண்ட்பேக் எதையும் மேசையில விட்டுட்டு வந்துறாதீங்க."

"என்ன சத்தம்?"

"ஜீப்பு."

ஜீப்பு

வலயக் கல்விப் பணிமனையிலிருந்து யாராவது அதிகாரி வந்தால் நாங்கள் கண்ணில் படக்கூடாது. அனுமதியில்லாத ஆட்களை வகுப்பில் விட்டதற்கு அதிபர் பதில் சொல்ல வேண்டிவரும். அதிபர் நல்ல மனிதர். வேலையில் பயம் இல்லை, கடதாசியில்தான் பயம். பாம்பு வந்தால் தடியை எடுப்பார், கடிதம் வந்தால் தண்ணீர் கேட்பார்.

கடைவீதியிலிருந்து மேலே வரும் பாதை மலையைச் சுற்றிச் சுற்றித்தான் வரும். கீழ் வளைவில் வாகனம் தெரிந்தால், பாடசாலைக்கு வந்துசேர இருபது நிமிடம் ஆகும். எதிர் மலையில் கொழுந்து பறிக்கும் பெண்களுக்கு அந்த வளைவு நன்றாகத் தெரியும். அவர்களின் பிள்ளைகளுக்குத்தானே நாங்கள் படிப்பித்தோம்? அதனால் அந்த வேலையை அவர்களே எடுத்துக்கொண்டார்கள். பாக்கியம் அக்காவுக்கு மலை முழுக்கக் கேட்கும் குரல். "டீச்ச்ச்சர், ஜீப்பு!" என்று அவர் கூப்பிட்டால், கங்காணி கூட நிமிர்ந்து பார்த்துவிட்டு எதுவும் சொல்லமாட்டார். கங்காணியின் மகளும் என் வகுப்பு.

அந்தக் குரல் கேட்டதும் ஸ்டெல்லாவும் நானும் தேயிலைக்குள் இறங்கிவிடுவோம். புள்ளக் காம்பராவில், தாய்மார் கொழுந்துக்குப் போகும்போது விட்டுப்போகும் கைக்குழந்தைகள் இருக்கும். அங்கே உள்ள ஆயா எங்களுக்கு ஆளுக்கு ஒரு குழந்தையைக் கையில் கொடுத்து, பிளேன்டியும் ஊற்றித் தருவார். ஜீப் போகும்வரை ஆட்டிக்கொண்டிருப்போம். ஐந்து வருடம் கழித்து எங்கள் வகுப்புக்கு வரப்போகும் பிள்ளைகளை முன்கூட்டியே தூங்கவைத்த ஆசிரியைகள் இந்த நாட்டிலேயே நாங்களாகத்தான் இருப்போம்.

பிள்ளைகளுக்கும் பயிற்சி உண்டு. யார் படிப்பிக்கிறது என்று கேட்டால் "அதிபர் சேர்" என்று சொல்ல வேண்டும். அந்தக் கணக்குப்படி எங்கள் அதிபர் ஒரே நேரத்தில் தரம் மூன்றுக்குத் தமிழும், தரம் ஐந்துக்குக் கணிதமும், தரம் ஏழுக்கு நடனமும் படிப்பித்துக்கொண்டிருந்தார். அந்தத் தொந்தி நடனம் ஆடுமா என்று ஒரு அதிகாரியும் கேட்கவில்லை. அவர்களுக்கும் தெரியும். தெரியாதது மாதிரி இருப்பதற்கும் திறமை வேண்டும்.

நாங்கள் இருவரும் ஒளிந்துகொள்வதில் கெட்டிக்காரர்கள். ஐந்தாவது வருடம் வரை ஒருமுறை கூட மாட்டவில்லை. அதை ஒரு பெருமையாகவே சொல்லிக்கொண்டு திரிந்தோம்.

இல்லாதவர்களின் கடமைகள்

இல்லாத ஆளாக வேலை செய்வதில் சில சிக்கல்கள் உண்டு. காலையில் அதிபரின் மேசையில் கையெழுத்துப் புத்தகம் இருக்கும். ஏழரைக்கு அதிபர் சிவப்புக் கோடு கீறுவார். கோட்டுக்குக் கீழே கையெழுத்து வைத்தவர் பிந்தி வந்தவர். அந்தப் புத்தகத்தில் ஸ்டெல்லாவுக்கும் எனக்கும் மேலேயும் இடம் இல்லை, கீழேயும் இடம் இல்லை. ஆனால் பஸ் கிடைக்காமல் ஏழு நாற்பதுக்கு ஒருநாள் போனபோது அதிபர் கேட்டார்.

"என்ன டீச்சர், டைம் தெரியாதா? சிவப்புக் கோடு கீறியாச்சு."

"எனக்கு எங்க சேர் கோடு? நான்தான் சைனே வைக்கிறதில்லையே."

"சைன் இல்லாட்டியும் கோடு கோடுதான்."

அம்மாவுக்கு நுவரெலியா ஆஸ்பத்திரியில் கண் ஒபரேஷன். இரண்டு நாள் லீவு கேட்டேன். அதிபர் உண்மையாகவே குழம்பிப்போனார்.

"லீவு எப்புடிப் போடுறது டீச்சர்? நீங்கதான் ஸ்டாஃப்லயே இல்லையே. இல்லாதவங்களுக்கு லீவு குடுக்க ஃபோம் இல்ல."

"அப்ப நான் வராம இருந்துக்கலாம்ல சேர்?"

"ஐயோ, வராம இருந்தா வகுப்ப யாரு பாக்குறது?"

இரண்டு நாளும் அம்மாவுடன் அண்ணன் இருந்தான். அவனுக்கு லீவு இருந்தது, அவன் கொழும்பில் ஒரு சைவக் கடையில் வேலை. சைவக் கடையில் வேலை செய்பவனுக்கு இருக்கும் லீவு அரசாங்கப் பாடசாலையில் எனக்கு இல்லை என்பது அன்றைக்குத்தான் உறைத்தது. கோபமாகத்தான் இருந்தது. ஆனாலும் மறுநாள் ஏழு இருபதுக்கு வகுப்பில் நின்றேன்.

வருடக் கடைசியில் போட்டோ எடுப்பார்கள். கதிரைகளை வரிசையாகப் போட்டு, பிள்ளைகளை உயரப்படி நிறுத்துவது எங்கள் வேலை. ஹட்டனிலிருந்து வந்த போட்டோக்காரர், "ரெண்டு டீச்சரும் வாங்க, அந்தப் பக்கம் நில்லுங்க" என்று கூப்பிட்டார். அதிபர் அவசரமாகக் கையை ஆட்டினார். "அவங்க வேணாம் வேணாம், இது வலயத்துக்குப் போற படம்." ஸ்டெல்லா சிரித்துக்கொண்டே நகர்ந்தாள். நானும் நகர்ந்தேன். இன்றைக்கும் அந்தப் படங்கள் காரியாலயச் சுவரில் மாட்டியிருக்கின்றன. பிள்ளைகள் மிக அழகாக வரிசையில் நிற்பார்கள்.

பிறகு ஏன் போகவில்லை என்று கேட்பீர்கள். ஒருநாள் எங்களை நிரந்தரமாக உள்வாங்குவார்கள் என்று ஒவ்வொரு வருடமும் ஒரு பேச்சு வரும். அது ஒன்று. இன்னொன்று, எங்கள் லயத்து வரிசை வீடுகளில் எல்லாரும் என்னை டீச்சர் என்று கூப்பிட்டார்கள். என் அம்மா முப்பது வருடம் கொழுந்து பறித்தவர், அவரை யாரும் பேர் சொல்லிக் கூடக் கூப்பிட்டதில்லை. "டீச்சர் வீட்டு அம்மா" என்று ஆனபிறகு அவர் நடையே மாறிவிட்டது. எனக்கு அது பிடித்திருந்தது. வகுப்பும் பிடித்திருந்தது. இதில் கிண்டல் எதுவும் இல்லை.

பனி விழுந்த நாள்

ஐந்தாவது வருடம், புலமைப்பரிசில் பரீட்சைக்கு இரண்டு வாரம் இருக்கும்போது ஒரு செவ்வாய்க்கிழமை. காலையிலிருந்தே பனி மூட்டம். எதிர் மலையே தெரியவில்லை. மலை தெரியாவிட்டால் மலையில் நிற்பவர்களுக்குக் கீழ் வளைவும் தெரியாது. இந்தச் சின்ன விஷயத்தை எங்கள் பாதுகாப்பு ஏற்பாட்டில் யாரும் யோசித்திருக்கவில்லை.

தரம் ஐந்துக்கு மாதிரி வினாத்தாள் கொடுத்துவிட்டு, பின்னக் கணக்கு ஒன்றைக் கரும்பலகையில் போட்டுக்கொண்டிருந்தேன். பின்னால் கதவுச் சத்தம். திரும்பினால் வாசலில் நனைந்த குடையுடன் வலயத்து அதிகாரி நிற்கிறார். அவருக்குப் பின்னால் எங்கள் அதிபர், முகத்தில் இரத்தமே இல்லை.

கடைசி மண்டபத்தில் தரம் மூன்றுக்கு ஸ்டெல்லா. ஜீப் கதவு அடைபடும் சத்தமே அவளுக்குப் போதுமாக இருந்தது. பின்வாசலால் இறங்கிப் போய்விட்டாள். என் வகுப்பு முன்பக்கம். எனக்குப் போக வழி இல்லை.

"நீங்க யாரு?" என்றார் அதிகாரி.

இதற்கும் எங்களிடம் ஒரு பதில் தயாராக இருந்தது. மாட்டிக்கொண்டால் பெற்றோர் என்று சொல்ல வேண்டும். பிள்ளையைப் பார்க்க வந்த பெற்றோர்.

"பேரண்ட் சேர்."

"எந்தப் புள்ள?"

எனக்குக் கல்யாணமே ஆகியிருக்கவில்லை. முன் வரிசையில் தர்ஷினி இருந்தாள், வகுப்பிலேயே கெட்டிக்காரி. கையை நீட்டிவிட்டேன். அவள் எழுந்து நின்று, பாடம் ஒப்புவிக்கும் குரலில் சொன்னாள்: "இல்ல சேர். எங்கம்மா மலைக்குக் கொழுந்தெடுக்கப் போயிருக்கு. இவங்க எங்க டீச்சர்."

பொய் சொல்லக்கூடாது என்று நான்தான் அந்தப் பிள்ளைக்குப் போன வாரம் சொல்லிக் கொடுத்திருந்தேன். நல்ல பிள்ளை, பாடத்தைக் கவனித்திருக்கிறாள்.

காரியாலயத்துக்குக் கூட்டிப்போனார்கள். அதிகாரி லொக் புத்தகத்தை எடுக்கச் சொன்னார். பாடசாலையில் நடக்கும் முக்கிய விஷயங்களையும், வரும் அதிகாரிகளின் குறிப்புகளையும் எழுதிவைக்கும் தடித்த புத்தகம் அது. பக்கத்துக்கு இலக்கம் போட்டிருக்கும், கிழிக்க முடியாது.

"எவ்வளவு நாளா இவங்க படிப்பிக்கிறாங்க?" என்று அதிபரைக் கேட்டார்.

அதிபர் தண்ணீர் குடித்தார். "அஞ்சு வருஷம் சேர். பேச்சுக்குத்தான் அஞ்சு. இடையில லீவு நாளெல்லாம் வரும்."

"நிப்பாட்டுங்க."

"நிப்பாட்டுறேன் சேர். தரம் அஞ்சுக்கு ஒரு ஆள் தருவீங்களா?"

அதிகாரி ஜன்னல் வழியாகப் பனியைப் பார்த்தார். "நான் எங்க போறது ஆளுக்கு? நிப்பாட்டினா புள்ளைகள் என்னைக் கேக்கும். விட்டா ஓடிட் வந்து கேக்கும்." ஓடிட் என்றால் கணக்காய்வு. பிறகு என் பக்கம் திரும்பினார். "முழுப் பேரு சொல்லுங்க. இனிஷியல் வேணாம், முழுசா. ஐடென்டிட்டி காட் நம்பரும்."

அவர் எழுதியது எனக்கு இன்றும் வரி வரியாகத் தெரியும். "இன்றைய மேற்பார்வையின்போது பெரியசாமி சிவகாமி என்னும் அனுமதியற்ற நபர் தரம் 5 வகுப்பில் கற்பித்துக்கொண்டிருந்தமை அவதானிக்கப்பட்டது. அதிபரின் வாய்மொழி விளக்கத்தின்படி இந்நபர் ஐந்து வருடங்களாக இப்பாடசாலையில் அனுமதியின்றிக் கற்பித்து வந்துள்ளார். இது பாரதூரமான குறைபாடாகும். மாற்று ஒழுங்கு செய்யப்படும்வரை, இந்நபர் பாடசாலைக்குள் பிரவேசிக்கும் ஒவ்வொரு தடவையும், உள்வரும் நேரமும் வெளியேறும் நேரமும் இப்புத்தகத்தில் அதிபரால் பதியப்பட வேண்டும்." கீழே கையெழுத்து, பதவி முத்திரை.

அன்று பின்னேரம் தேயிலைக்குள் நின்று அழுதேன். பாரதூரமான குறைபாடு என்று ஒருவர் என்னை எழுதிவிட்டுப் போனது தாங்கவில்லை. புள்ளக் காம்பராவிலிருந்து திரும்பி வந்த ஸ்டெல்லாதான் தோளைப் பிடித்துத் தேற்றினாள். "விடுங்கக்கா. நல்ல வேளை, நான் தப்பிச்சிட்டேன்" என்றாள்.

உள்ளே 7.20, வெளியே 2.05

மாற்று ஒழுங்கு ஆறு வருடம் செய்யப்படவில்லை. அதற்கு யாரையும் குறைசொல்ல முடியாது, மாற்று ஒழுங்குகளுக்கு நேரம் எடுக்கும்.

ஆனால் அதிபர் கடதாசிக்குப் பயந்தவர். எழுதச் சொன்னதை ஒருநாளும் விடவில்லை. தினமும் காலையில் லொக் புத்தகத்தைத் திறந்து, சிவப்புப் பேனையால் எழுதுவார்: அனுமதியற்ற நபர் பெ. சிவகாமி, உள்ளே 7.20. பின்னேரம்: வெளியே 2.05. புலமைப்பரிசில் வகுப்புக்குச் சனிக்கிழமை போனால் அதுவும் பதிவாகும். நிரந்தர ஆசிரியர்கள் தங்கள் நேரத்தைத் தாங்களே எழுதினார்கள். எனக்கு மட்டும் அதிபரே எழுதினார். யோசித்துப் பார்த்தால், பெரிய மரியாதை.

மற்ற ஆசிரியர்களுக்கு நல்ல பகிடி கிடைத்தது. "அனுமதியற்ற நபர் வந்தாச்சா? பிளேன்டி குடிச்சாச்சா?" ஸ்டெல்லா அவர்களோடு சேர்ந்து சிரிக்கமாட்டாள். ஆனால் அவளுக்கு உள்ளூர ஒரு நிம்மதி. அவள் பெயர் எந்தப் புத்தகத்திலும் இல்லை. இன்னொரு ஆளும் இருக்கிறார் என்று அதிபர் எழுதினால் இன்னொரு குறைபாடு வரும். "ஒருத்தரோட போகட்டும் டீச்சர், உங்கள நான் பாத்துக்குறேன்" என்று அவளிடம் சொல்லிவிட்டார். ஜீப் சத்தம் கேட்டால் அவள் மட்டும் புள்ளக் காம்பராவுக்குப் போவாள். எனக்குத்தான் ஒளிய வேண்டிய தேவை போய்விட்டதே.

சும்மா சொல்லக்கூடாது, எங்கள் இருவரில் நல்ல ஆசிரியை அவள்தான். தரம் மூன்றில் எழுத்துக் கூட்டத் தெரியாத பிள்ளை அவள் வகுப்பிலிருந்து வாசித்துக்கொண்டு வெளியே வரும். என் வகுப்புப் பிள்ளைகள் பரீட்சையில் சித்தியடைந்ததில் பாதிக்கு மேல் அவள் வேலை.

நேர்முகம்

பதினோராவது வருடம், பேச்சு உண்மையாகிவிட்டது. தொண்டர் ஆசிரியர்களை உள்வாங்க நேர்முகத் தேர்வு. தொடர்ச்சியாகப் படிப்பித்ததற்கு ஆதாரம் வேண்டும். ஸ்டெல்லாவும் நானும் ஒரே நிறத்தில் சேலை உடுத்து, ஒரே பஸ்ஸில் போனோம். அதிபர் இரண்டு பேருக்கும் கடிதம் தந்திருந்தார். இரண்டிலும் ஒரே வசனங்கள், ஸ்டெல்லாவுடையதில் மட்டும் பன்னிரண்டு வருடம்.

சபையில் மூன்று பேர். நடுவில் இருந்தவர் அதிபரின் கடிதத்தை ஓரமாக வைத்தார்.

"இந்த மாதிரிக் கடிதம் காலையில இருந்து நூறு வந்திருச்சு. ஒரு அதிபர் தன்னோட மச்சினிச்சிக்கே குடுத்திருக்காரு. பாடசாலை ஆவணம் ஏதாவது இருக்கா? சைன் புக்? நேரசூசி? வலயத்து ஆள் யாராவது உங்கள வகுப்புல பாத்திருக்காங்களா?"

லொக் புத்தகத்தின் பிரதிகளை அதிபர் ஒரு தடித்த பைலில் கட்டித் தந்திருந்தார். தரும்போதே, "இத காட்டாம இருந்தா நல்லம், உங்களுக்கும் கெட்ட பேரு எனக்கும் கெட்ட பேரு" என்று சொல்லியிருந்தார். வேறு எதுவும் இல்லாததால் கொடுத்தேன்.

பக்கத்தில் இருந்த சிங்கள அம்மா பக்கங்களைப் புரட்டினார். ஒவ்வொரு நாளும் சிவப்பு மையில் என் பெயர். "மே மொகக்த?" இது என்ன என்று நடுவில் இருந்தவரைக் கேட்டார். அவர் முதல் பக்கத்துக் குறிப்பை வாசித்து, சிங்களத்தில் சொன்னார். இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். பிறகு அந்த அம்மாவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

"காலையில இருந்து பார்த்ததுல இதுதான் சுத்தமான ஆதாரம்" என்றார் நடுவில் இருந்தவர். "உங்களுக்கு எதிரா எழுதினதுல பொய் இருக்காது."

அடுத்தது ஸ்டெல்லா. ஐந்து நிமிடத்தில் வெளியே வந்துவிட்டாள். அவளிடம் சபை கேட்ட கேள்வி ஒன்றே ஒன்றுதானாம்: "பன்னெண்டு வருஷத்துல ஒரு அதிகாரி கூடவா உங்கள பாக்கல?"

ஒருவர் கூடப் பார்க்கவில்லை. அவ்வளவு நன்றாக ஒளிந்திருந்தாள்.

நான் திரும்ப உள்ளே போய், "அவங்க என்னைவிட சீனியர், நான் சாட்சி சொல்றேன்" என்றேன். நடுவில் இருந்தவர் கடுமையாகப் பேசவில்லை. "நீங்களே அந்த நேரம் அனுமதியில்லாத ஆள் தானேம்மா. உங்க சாட்சிய எப்புடி எடுக்குறது?" என்றார். நியாயம்தானே?

காப்பாற்றப்பட்டவள்

என் நியமனக் கடிதம் வந்த வாரம் ஸ்டெல்லா அதிபரைப் போய்ப் பார்த்தாள். நானும் கூட இருந்தேன்.

"என் பேரையும் எழுதியிருந்தா என்ன சேர்? ஒரே ஒரு நாளாவது?"

அதிபரின் முகத்தில் உண்மையான வருத்தம். அவர் சொன்னதில் நடிப்பு எதுவும் இல்லை, அதனால்தான் மறக்க முடியவில்லை.

"உங்க மேல ஒரு கெட்ட வார்த்த எழுத விடலையே டீச்சர். இத்தன வருஷம் உங்களத்தான் நான் காப்பாத்துனேன்."

மணி அடித்தது. ஸ்டெல்லா தரம் மூன்றுக்குப் போய்விட்டாள். வெளியே போய் அவள் கையைப் பிடிக்க எனக்குத் தைரியம் வரவில்லை. அவளுடைய கதிரையில் நான் உட்கார்ந்துவிட்டதாக ஒரு குற்ற உணர்ச்சி. அது இன்னும் போகவில்லை.

இப்போது

கலாசாலை முடிந்து, கொத்மலைப் பக்கம் சில வருடம் படிப்பித்துவிட்டு, போன வருடம், நிரந்தர அதிபர் இல்லாததால் பதில் அதிபராக அதே பாடசாலைக்கே திரும்பி வந்தேன். அதே மேசை, அதே கையெழுத்துப் புத்தகம், சுவரில் அதே போட்டோக்கள். தரம் மூன்றில் அதே ஸ்டெல்லா. பழைய அதிபர் ஓய்வுபெற்றுப் போய், இடையில் இரண்டு அதிபர்கள் வந்து போய்விட்டார்கள். இரண்டு பேரும் அவளைக் காப்பாற்றியிருக்கிறார்கள். அவளுக்கு இப்போது நாற்பத்தொன்று. நியமன வயதெல்லைக்கு இன்னும் கொஞ்சம்தான் இருக்கிறது. மறுபடி உள்வாங்கப் போகிறார்கள் என்று பேச்சு. பேச்சு இல்லாத வருடம் எது?

வந்த முதல் நாளே லொக் புத்தகத்தைத் திறந்து எழுதினேன்: அனுமதியற்ற நபர் அந்தோனி ஸ்டெல்லா, உள்ளே 7.15. என் கையெழுத்து வைத்தேன். அவள் எட்டிப் பார்த்துவிட்டுப் பதறினாள். "என்னக்கா இது, உங்களுக்குத்தான் வெளக்கம் கேட்டுக் கடிதம் வரும்." வரட்டும் என்றேன். எனக்குக் கடிதத்தில் பயம் இல்லை. என்னை உருவாக்கியதே ஒரு குற்றச்சாட்டுத்தான்.

ஆனால் அதிபர் எழுதுவது மட்டும் போதாது என்று எனக்குத் தெரியும். அதிபரின் கையெழுத்து நேர்முக மேசையில் ஓரமாக வைக்கப்படும் சாமான். வெளியிலிருந்து ஒருவர் பார்க்க வேண்டும்.

போன மாதம் வெயில் நாள். பாக்கியம் அக்கா ஓய்வுபெற்றுவிட்டார், குரல் மட்டும் மருமகளுக்குப் போயிருக்கிறது. "டீச்ச்ச்சர், ஜீப்பு!" நான் காரியாலயத்திலிருந்து தரம் மூன்றுக்கு நடந்தேன். எதிர்பார்த்தபடியே ஸ்டெல்லா வெண்கட்டியை வைத்துவிட்டு, ஹேண்ட்பேக்கை எடுத்துக்கொண்டு பின்வாசலில் ஒரு காலை வெளியே வைத்துவிட்டாள். இருபது வருடத்துக்கு மேல் பழகிய கால்.

"எங்க போறீங்க?"

"பழக்கதோஷம்க்கா. உங்களுக்கு எதுக்கு வம்பு?"

"ஒக்காருங்க டீச்சர். பாடத்த நடத்துங்க."

பின்கதவைச் சாத்திக் கொண்டியைப் போட்டேன். இருபது நிமிடம் இருந்தது. அந்த இருபது நிமிடமும் அவள் கரும்பலகைப் பக்கம் திரும்பியே நின்றாள். எழுத்துகள் கொஞ்சம் கோணலாக விழுந்தன. பிள்ளைகள் அந்தக் கோணலையும் அப்படியே கொப்பியில் எழுதிக்கொண்டார்கள்.

வந்தவர் இளைஞர், புதிதாகப் பதவிக்கு வந்தவர். என்னோடு வகுப்பு வகுப்பாகப் பார்த்துக்கொண்டு வந்து, தரம் மூன்றின் வாசலில் நின்றார். கையிலிருந்த ஆளணிப் பட்டியலைப் பார்த்தார், ஸ்டெல்லாவைப் பார்த்தார்.

"இவங்க பேரு லிஸ்ட்ல இல்லையே. யாரு இவங்க?"

எங்கள் பழைய பதில் ஸ்டெல்லாவின் வாய் வரைக்கும் வந்தது. பேரண்ட் என்று சொல்லப்போகிறாள் என்று அவள் உதட்டிலேயே தெரிந்தது. நான் முந்திக்கொண்டேன்.

"அனுமதியில்லாத ஆள் சேர். ரொம்ப வருஷமாப் படிப்பிக்கிறாங்க. பெரிய குறைபாடு."

அவர் திகைத்தார். "அப்ப நான் இத ரிப்போட் பண்ண வேண்டி வருமே மிஸ். உங்களுக்குத்தான் பிரச்சினை."

இதை எழுதச் சொன்னவர்கள், இளையவர்களுக்கு ஏதாவது பாடம் சொல்லி முடிக்க வேண்டும் என்று கேட்டிருந்தார்கள். பாடம் பெரிதாக ஒன்றும் இல்லை. கூப்பிட்டார்கள் என்று வகுப்புக்குள் போகாதீர்கள், முதலில் ஒரு கடிதம் கேளுங்கள். தரமாட்டார்கள். அப்படியென்றால் கையெழுத்துப் புத்தகத்தில் ஒரு வரி கேளுங்கள். அதுவும் தரமாட்டார்கள். அதன்பிறகும் போவீர்கள், எனக்குத் தெரியும், நானும் போனவள்தான். போனால் ஒன்று மட்டும் செய்யுங்கள். யாருக்காகவும் ஒளியாதீர்கள்.

லொக் புத்தகம் என் கையில் தயாராக இருந்தது. திறந்து, பேனையின் மூடியைக் கழற்றி, அந்த இளைஞரிடம் நீட்டினேன்.

"கட்டாயம் எழுதுங்க சேர். எவ்வளவு மோசமா வேணும்னாலும் எழுதுங்க. பேர மட்டும் முழுசா எழுதுங்க."

ஸ்டெல்லா ஹேண்ட்பேக்கைத் திறந்து அடையாள அட்டையை எடுத்தாள்.